மூலைவிட்டத்தில் அமர்ந்தவர்கள்

நீதி எங்கே குடியிருக்கிறது என்று உலகம் நெடுங்காலமாகத் தேடிக்கொண்டிருக்கிறது. தத்துவம் படித்தவர்கள் அதை வானத்தில் தேடினார்கள். சட்டம் படித்தவர்கள் வாய்தாவில் தேடினார்கள். கடைசியில் அது காரைக்காலில், பாரதியார் சாலையை ஒட்டிய ஒரு கட்டடத்தின் முதல் மாடியில், ஓடாத ஏசிக்கு நேர் கீழே, நெய்தல் நல வாரியத்தின் கிளை அலுவலகத்தில் கண்டுபிடிக்கப்பட்டது. கண்டுபிடித்தவர் கிளை மேலாளர் திரு. நீலமேகம் அவர்கள். அதைக் கண்டுபிடிக்க அவருக்கு விளக்குப் பிடித்தவள் எழில்மதி. விளக்குப் பிடித்தவள் கையில் என்ன மிஞ்சும் என்பது ஊருக்குத் தெரியும். அவளுக்குத்தான் தெரியவில்லை.

நெய்தல் நல வாரியம் மீனவர் நலனுக்காக ஏற்பட்டது. புதுச்சேரி, காரைக்கால், மாஹே, ஏனாம் என்று நாலு ஊரிலும் அதற்கு அலுவலகம் உண்டு. நாலும் ஒரே ஆட்சி, ஆனால் ஒன்றுக்கொன்று ஒட்டாத ஊர்கள். பஸ்ஸில் இடம் பிடிக்க ஜன்னல் வழியாகத் துண்டு போடுவார்களே, அப்படி பிரெஞ்சுக்காரன் நாலு இடத்தில் துண்டு போட்டுவைத்தான். போட்டவன் இறங்கிப் போய்விட்டான். துண்டுகள் மட்டும் கிடக்கின்றன. தமிழ்க் கரையில் இரண்டு, மலையாளக் கரையில் ஒன்று, கோதாவரி கடலில் சேரும் இடத்தில் தெலுங்குக்காரர்களுக்கு நடுவே ஒன்று.

மீனவர் நலனை வாரியம் ஒருநாளும் அவசரப்பட்டுச் செய்து கெடுத்ததில்லை. ஐஸ் பெட்டி கேட்டு திருவேட்டக்குடியிலிருந்து வருகிறவர்களிடம், "மாறுதல் நேரம், முடியட்டும், பாக்கலாம்" என்று பணிவாகச் சொல்லி அனுப்பும். அவர்களும் மாறுதல் என்பது காற்று மாறுவது போல ஏதோ பருவ காலச் சமாச்சாரம் என்று எண்ணித் திரும்பிப் போவார்கள். அந்த எண்ணம் முற்றிலும் தவறு என்று சொல்லிவிட முடியாது. வாரியத்தில் மாறுதல்தான் வேலை. மற்றதெல்லாம் வேலைக்கு நடுவே வருகிற இடைஞ்சல்.

மாறுதலுக்கு ஒரு பழைய முறை இருந்தது. ஆற்றுத் தண்ணீருக்கு முறை வைப்பது போல ஆட்களுக்கும் முறை. காரைக்காலில் சேர்ந்தவர் மாஹேக்குப் போக வேண்டும். மாஹேயிலிருந்து புதுச்சேரி. புதுச்சேரியிலிருந்து ஏனாம். ஏனாமிலிருந்து காரைக்கால். தேர் மாதிரி நாலு வீதியும் சுற்றித்தான் நிலைக்கு வர வேண்டும், நடுவில் திருப்ப முடியாது. ஏனாமில் சேர்ந்தவர் காரைக்காலில் தொடங்கி அதே வழியில் சுற்றி ஏனாம் போவார். இதற்குச் 'சுற்று' என்று பெயர். எல்லாரும் திட்டினார்கள், எல்லாரும் சுற்றினார்கள்.

எல்லாரும் என்றால், திரு. நீலமேகம் நீங்கலாக. அவர் முறை வரும்போதெல்லாம் அவர் வீட்டில் யாருக்காவது உடம்புக்கு வந்துவிடும். இல்லாவிட்டால் யாருக்காவது பரீட்சை வந்துவிடும். அவர் காரைக்காலில் உட்கார்ந்த பிறகு இரண்டு தடவை அவருடைய நாற்காலி மாறியிருக்கிறது. அவர் மாறியதில்லை. இந்த வருஷம் அவருடைய சகலை ராஜ்மோகனின் முறை. அதே அலுவலகத்தில் அதே மின்விசிறிக்குக் கீழே அமர்ந்து பணிபுரிகிற ராஜ்மோகன் வருகிற ஜூனில் மாஹேக்குப் புறப்பட வேண்டும். அந்த வீட்டில் இந்தத் தடவை உடம்பு சரியில்லாமல் போக ஆளில்லை. இருந்தவர்கள் எல்லாரும் ஏற்கெனவே நீலமேகத்துக்காகப் படுத்து எழுந்தவர்கள்.

அதே ஜூனில்தான் எழில்மதிக்கும் முறை. அவள் காரைக்கால் கோவில்பத்துக்காரி. எம்.எஸ்சி. கணிதம், அதில் பதக்கம் வேறு. அந்தப் பதக்கத்தின் பலத்தால் வாரியத்தில் இளநிலை உதவியாளராகி, தபால்களுக்கு எண் போட்டுக்கொண்டிருந்தாள். மாஹேயில் மாசமாக இருந்தாள், புதுச்சேரியில் பெற்றாள், பிள்ளை பால் மறந்ததும் ஏனாமுக்குப் போனாள். பிள்ளை இளவேனில் அப்பா நிலவனோடு கோவில்பத்தில் வளர்ந்தது. நிலவனுக்கு மூன்று மா நிலமும் டவுனில் ஓர் உரக்கடையில் வேலையும் இருந்தன. ஜூன் வந்தால் எழில்மதி வீட்டுக்கு வந்துவிடலாம். அவள் வாழ்க்கையில் அப்போது வேறு எதிர்பார்ப்பு எதுவும் இல்லை. ஒரு சுற்று முடிய வேண்டும், அவ்வளவுதான்.

இந்தச் சமயத்தில்தான் புதுச்சேரியில் வாரியத்தின் மேலாண் இயக்குநர் ஒரு மலைவாசத் தலத்தில் நடந்த 'தலைமைப் பண்பு முகாமு'க்குப் போய்வந்தார். மலையிலிருந்து இறங்குகிறவர்கள் ஏதாவது கொண்டுவருவது வழக்கம். சிலர் தைலம் கொண்டுவருவார்கள். இவர் ஒரு சொல்லைக் கொண்டுவந்தார். இறங்கிய மறுநாளே சுற்றறிக்கை வந்தது:

'இனி வாரியத்தின் இடமாறுதல்கள் அனைத்தும் சமச்சீர் அணி அடிப்படையில் அமையும். இதன் பொருள் குறித்துக் காரைக்கால் கிளை ஆராய்ந்து அறிக்கை அனுப்பவும்.'

ஆணையிட்டுவிட்டுப் பொருள் கேட்பது மேலான நிர்வாக முறை. பொருள் தெரிந்த பிறகு ஆணையிடுவதை யார் வேண்டுமானாலும் செய்வார்கள்.

நீலமேகம் உடனே 'சமச்சீர் பொருள் விளக்கக் குழு' அமைத்தார். தலைவர் அவர். உறுப்பினர்கள் இருவர்: கண்காணிப்பாளர் சொர்ணாம்பாள், ஊழியர் சங்கச் செயலாளர் சேக் அலாவுதீன். குறிப்பு எழுத ராஜ்மோகன். முதல் கூட்டத்தில் குழு தன் சொந்த அறிவைக்கொண்டே பொருள் காண முயன்றது.

"அணின்னா மகளிரணி, இளைஞரணி மாதிரிங்களா?" என்றார் அலாவுதீன். "கட்சி உள்ள வந்துச்சுன்னா சங்கம் ஒத்துக்காது. இப்பவே சொல்லிட்டேன்."

"பள்ளிக்கூடத்துல சமச்சீர் கல்வின்னு ஒண்ணு வந்துச்சே, அதுவா இருக்கும். எல்லாருக்கும் ஒரே புஸ்தகம். இங்க எல்லாருக்கும் ஒரே நாற்காலியோ என்னமோ" என்றார் சொர்ணாம்பாள்.

நீலமேகம் தன் நாற்காலியின் கைப்பிடியை இறுகப் பிடித்துக்கொண்டார். பிறகு கூட்டத்தை ஒத்திவைத்தார். ஊழியர்களின் கல்வித் தகுதிகள் தூசி தட்டப்பட்டன. கணிதம் படித்த ஒரே ஆள் ஏனாமில் தபாலுக்கு எண் போட்டுக்கொண்டிருப்பது தெரியவந்தது. 'வல்லுநர் எழில்மதி உடனே காரைக்கால் வந்து பொருள் விளக்குக' என்று ஆணை போயிற்று.

காக்கிநாடா வரை பஸ், அங்கிருந்து சென்னைக்கு ஒரு ரயில், சென்னையிலிருந்து காரைக்காலுக்கு இன்னொரு ரயில். எழில்மதி வாசலில் பையை இறக்கியபோது பிள்ளை அப்பாவின் காலைக் கட்டிக்கொண்டு பின்னால் ஒளிந்தது.

"அம்மாடா. கிட்டப் போ" என்றான் நிலவன்.

"இது அம்மா இல்ல. அம்மா இத்தினிக்கூண்டுதான் இருக்கும்" என்று பிள்ளை உள்ளங்கையை விரித்துக் காட்டியது. அது அம்மாவைப் போனில் மட்டுமே பார்த்து வளர்ந்த பிள்ளை.

எழில்மதி அழவில்லை. ரயிலில் கழிவறைக்குப் பக்கத்தில் நின்றே வந்ததில் அவளுக்குக் கால்வலிதான் பெரிதாக இருந்தது. சாப்பிட உட்கார்ந்தபோது நிலவன் விசாரித்தான்.

"எதுக்கு கூப்ட்ருக்காங்க?"

"சமச்சீர் அணின்னா என்னன்னு சொல்லணுமாம்."

"இதுக்கா அவ்ளோ தூரத்துலேருந்து? நெட்டுல பாத்தா தெரியாதா?"

"தெரியும். நெட்டுல பாத்தா கீழ கையெழுத்து யாருங்க போடுறது?"

"சரி, வந்ததுதான் வந்தே. ஜூன்ல ஒன் முறை வருதுன்னு அந்த மேனேஜர் காதுல ஒரு வார்த்தை போட்டு வையி."

"வாயவிட்டு கேட்டா சந்தேகம் வரும். வேலைய நல்லா செஞ்சு காட்டுனா அது தானா வந்துரும்."

"தானா வர்றது கோரைதான்" என்றான் நிலவன். வயல் வைத்திருக்கிறவர்கள் இப்படித்தான் நம்பிக்கையில்லாமல் பேசுவார்கள். படித்தவர்கள் அதைப் பொருட்படுத்துவதில்லை.

மறுநாள் குழு கூடியது. வெள்ளைப் பலகை துடைக்கப்பட்டிருந்தது. மார்க்கர்களில் சிவப்பு மட்டும் எழுதியது. எழில்மதி பலகையில் நாலுக்கு நாலு கட்டம் போட்டாள். இடப் பக்கம் நாலு ஊர், மேலே அதே நாலு ஊர்.

"இடது பக்கம் எங்கேருந்து கிளம்புறாங்கன்னு. மேல எங்க போய்ச் சேர்றாங்கன்னு. நடுவுல இருக்கற கட்டத்துல எத்தனை பேருன்னு எழுதணும். இதுக்குப் பேருதான் அணி. இப்ப புதுச்சேரியிலேருந்து மாஹேக்கு மூணு பேர் போனா, மாஹேயிலேருந்தும் புதுச்சேரிக்கு மூணு பேர் வரணும். எந்த ரெண்டு ஊரை எடுத்தாலும் போறதும் வர்றதும் ஒண்ணா இருந்தா அதுக்குப் பேரு சமச்சீர் அணி."

"புரியல" என்றார் சொர்ணாம்பாள், குழு முழுவதற்குமாக.

"மேடம், ஒங்க பக்கத்து வீட்ல யாரு?"

"ஆஸியா பீவி."

"நோன்புக் கஞ்சி குடுப்பாங்களா?"

"தூக்கு நெறைய வரும்."

"அந்தத் தூக்கை வெறுமனே திருப்பிக் குடுப்பீங்களா?"

"நல்லாருக்கே! வெறுந்தூக்கை யாராவது குடுப்பாங்களா? பொங்கலுக்கு சர்க்கரைப் பொங்கல் வச்சி அதுலதான் குடுப்பேன்."

"அதான் மேடம் சமச்சீர்."

"அட, இத மொதல்லயே சொல்றதுக்கென்ன! இதுக்குப் போயி எம்.எஸ்சி. எதுக்கு?"

அலாவுதீனுக்கும் உற்சாகம் வந்துவிட்டது. "தங்கச்சி, எனக்கு ஒரு டவுட்டு. நாகப்பட்டினத்துக்காரன் குடிக்கிறதுக்கு இங்க வர்றான். இங்கேருந்து எவனாவது குடிக்கிறதுக்கு அங்க போறானா?"

"போகலங்க."

"அப்ப அது?"

"சமச்சீர் இல்லங்க."

"பாத்தீங்களா! நமக்கு எல்லையில, வாஞ்சூர்ல தெனமும் கண்ணெதிர்ல நடக்குது, பேரு தெரியாம இருந்துருக்கோம்."

"இதைக் குறிப்புல ஏத்தவா?" என்று கேட்டார் ராஜ்மோகன். வேண்டாம் என்று நீலமேகம் கையமர்த்தினார்.  பலகையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் ஒரு விஷயத்தை இவ்வளவு நேரம் பார்த்து அலுவலகத்தில் யாரும் பார்த்ததில்லை.

"ஏம்மா" என்றார். "அந்த ரெண்டு வீடும் ஒண்ணுக்கொண்ணு குடுக்கவும் இல்ல, வாங்கவும் இல்லன்னு வையி. அப்ப?"

எழில்மதிக்கு உடம்பு சிலிர்த்தது. கல்லூரியை விட்ட பிறகு அவளிடம் யாரும் கணக்கு கேட்டதில்லை. ஏனாமில் ஒரே ஒருமுறை கேட்டார்கள், பழைய பேப்பர் எத்தனை கிலோ தேறும் என்று. இப்போது ஒரு மேலாளர் சரியான கேள்வியைச் சரியான இடத்தில் கேட்கிறார். நல்ல மாணவன் கிடைத்த வாத்தியாருக்கு வீடுவாசல் நினைவிருக்காது.

"ரொம்ப நல்ல கேள்வி சார். அதுவும் சமச்சீர்தான். அங்கயும் பூஜ்ஜியம், இங்கயும் பூஜ்ஜியம். ரெண்டும் சமம்."

"சந்தேகம் இல்லயே?"

"எந்தப் புஸ்தகத்துல வேணும்னாலும் பாருங்க சார்."

"நாலு ஊருக்கும் பூஜ்ஜியம்னா? ஒருத்தரும் எங்கயும் போகலன்னா?"

"அதவிட சமச்சீர் ஒலகத்துலயே கெடையாது சார்."

பெருமையோடுதான் சொன்னாள். நீலமேகம் எழுந்து பலகைக்கு அருகே வந்தார். மேல் இடது மூலையிலிருந்து கீழ் வலது மூலைக்கு அவள் சாய்வாக இழுத்திருந்த கோட்டின் மேல் விரலை வைத்தார்.

"இது என்னம்மா?"

"முதன்மை மூலைவிட்டம் சார். புதுச்சேரியிலேருந்து புதுச்சேரிக்கு. காரைக்கால்லேருந்து காரைக்காலுக்கு. இருந்த எடத்துலயே இருக்கறவங்கள இதுல எழுதணும்."

"அவங்களுக்கு என்ன நிபந்தனை?"

"நிபந்தனையே கெடையாது சார். மூலைவிட்டத்துல எத்தனை பேர் வேணும்னாலும் இருக்கலாம், எவ்ளோ காலம் வேணும்னாலும் இருக்கலாம். சமச்சீர் அவங்களப் பத்தி ஒரு கேள்வியும் கேக்காது."

"கேக்காது" என்று நீலமேகம் தனக்குள் ஒருமுறை சொல்லிப்பார்த்தார். அவர் முகத்தில் அப்போது தோன்றிய அமைதி திருநள்ளாற்றில் எள் விளக்கு போட்டுவிட்டு வெளியே வருகிறவர்களுக்குக்கூட வாய்ப்பதில்லை.

அங்கேயே அவள் நிறுத்தியிருக்கலாம். ஆனால் எது சமச்சீர் என்று சொன்னால் எது சமச்சீர் இல்லை என்றும் சொல்ல வேண்டும், அதுதான் முறையான பாடம். உதாரணம் தேட அவள் வெகுதூரம் போகவில்லை. பக்கத்தில் இன்னொரு கட்டம் போட்டாள். வாரியத்தின் சுற்று முறையையே அதில் எழுதினாள். காரைக்காலிலிருந்து மாஹேக்கு ஒன்று. மாஹேயிலிருந்து புதுச்சேரிக்கு ஒன்று. புதுச்சேரியிலிருந்து ஏனாமுக்கு ஒன்று. ஏனாமிலிருந்து காரைக்காலுக்கு ஒன்று. மற்ற கட்டமெல்லாம் பூஜ்ஜியம்.

"இப்ப பாருங்க. ஏனாம்லேருந்து காரைக்காலுக்கு ஒருத்தர் வர்றாங்க. ஆனா காரைக்கால்லேருந்து ஏனாமுக்கு யாரும் நேரா போகல. இங்க ஒண்ணு, அங்க பூஜ்ஜியம். ஆகவே இது சமச்சீர்..."

மார்க்கர் நின்றது. ஏனாம் வரிசையில் காரைக்காலுக்குக் கீழே சிவப்பாக நின்றுகொண்டிருந்த அந்த ஒன்று, அவளேதான்.

"சமச்சீர் இல்ல. அதானே?" என்று நீலமேகம் முடித்துக்கொடுத்தார். "எழுதிக்கப்பா ராஜ்மோகன்."

"சார், ஒரு நிமிஷம். சமச்சீர் இல்லன்னா தப்புன்னு அர்த்தம் இல்ல சார். இந்தச் சுத்துல யாருக்கும் ஓரவஞ்சனை இல்லயே..."

"அது கணக்காம்மா, கருத்தா?"

எழில்மதி யோசித்தாள். பொய் சொல்ல அவளுக்குப் பயிற்சி போதவில்லை. "கருத்து சார்."

"குழு கணக்கைத்தான் கேட்டுச்சு."

"கணக்காவே சொல்றேன் சார். இந்த அணிய அதாலயே நாலு தடவ பெருக்குனா எல்லாரும் அவங்கவங்க வீட்டுக்கு வந்துருவாங்க. நிரூபிச்சுக் காட்டட்டுமா?"

"நாலு தடவயா? இந்த ஆபீஸ ஒரு தடவ பெருக்கறதுக்கே ஆள் இல்ல" என்றார் சொர்ணாம்பாள். கூட்டம் நன்றியுரையுடன் இனிதே முடிந்தது.

ஆணை ஒரு வாரத்துக்குள் வந்தது. வாரியத்தின் வரலாற்றில் அவ்வளவு வேகமாக வந்த ஆணை வேறு இல்லை. 'இதுவரை நடைமுறையில் இருந்த சுற்று முறை சமச்சீரற்றது என வல்லுநர் எழில்மதி அவர்களால் ஐயந்திரிபற நிரூபிக்கப்பட்டுவிட்டபடியால், அம்முறை இதன்மூலம் ரத்து செய்யப்படுகிறது. எவரும் எங்கும் செல்லாத முழுச் சமச்சீர் நிலையே வாரியத்தின் குறிக்கோள். தற்போது எவரெவர் எங்கெங்கு உள்ளனரோ, அவரவர் அங்கங்கு மூலைவிட்டத்தில் உள்ளவராகக் கருதப்படுவர்.' கீழே கட்டத்தையும் அச்சிட்டிருந்தார்கள். கணக்கு இருக்கிற ஆணையை யாரும் எதிர்த்துப் பேச மாட்டார்கள். பேசினால் கணக்கு தெரியாதவன் என்று ஆகிவிடும்.

ஜூன் வந்தது. ராஜ்மோகன் பிள்ளையாருக்கு வரிசையாகத் தேங்காய் உடைத்தார். அன்று நிலவன் ஏனாமுக்குப் போன் செய்தான்.

"நீயேதான் சொல்லிக் குடுத்தியாமே?"

"ஆமாங்க."

"நம்ம வூட்டுக்கு வர்ற வழிய நீயே அடைச்சிருக்கே. ஏன் எழில்?"



"கேள்வி சரியா இருந்துச்சுங்க" என்றாள்.

"பிள்ளையும் தெனம் ஒரு கேள்வி கேக்குது. அம்மா எப்ப வரும்னு. அந்தக் கேள்வியும் சரியாத்தான் இருக்கு" என்று சொல்லிவிட்டு வைத்தான்.

எழில்மதி தளர்ந்துவிடவில்லை. சமச்சீர் அடைத்த கதவைச் சமச்சீரை வைத்தே திறக்கலாம் என்று அவளுக்குத் தோன்றியது. காரைக்காலிலிருந்து ஏனாமுக்கு ஒருவர் போகச் சம்மதித்தால் போதும், அங்கே ஒன்று, இங்கே ஒன்று. அப்படி ஒருவன் இருக்கவும் செய்தான். அப்பலராஜு. ஏனாம்காரன். சுற்றின் முதல் படியாகக் காரைக்காலுக்கு வந்தவன், சுற்று நின்றதும் இங்கேயே நின்றுவிட்டான். காரைக்கால் கிளையில் போன் அடித்தால் எடுப்பவன் அவன், கணினியில் அடிப்பவன் அவன், ராஜ்மோகனின் மேசையில் இருக்கிற வேலையைத் தன் மேசைக்குத் தூக்கிப்போவதும் அவன்தான். எழில்மதி விடுப்பு விஷயமாகப் போன் செய்தபோது அவன்தான் எடுத்தான்.

"அண்டே, அதாவது நான் அங்க போறேன், நீங்க இங்க வர்றீங்க. அவ்ளோதானே மேடம்?" என்றான். "நான் இன்னிக்கே பெட்டி கட்டறேன். எங்க அம்மாவுக்கு நான் இருக்கிற ஊர் பேரே வாயில நுழையல. யாரு கேட்டாலும் மெட்ராஸ்னு சொல்லிட்டிருக்கு."

அரசு மொழியில் இதற்கு 'மனமொத்த மாறுதல்' என்று அழகான பெயர். இருவர் மனமும் ஒத்திருந்தன. எழில்மதி விடுப்பெடுத்துக் காரைக்கால் வந்தாள். விண்ணப்பத்தோடு கட்டத்தையும் போட்டு, இரண்டு ஒன்றுகளையும் வட்டமிட்டு, நீலமேகத்தின் முன் வைத்தாள். அவர் நிதானமாகப் பார்த்தார்.

"இது சமச்சீரா?"

"ஆமா சார். அங்கேருந்து ஒண்ணு, இங்கேருந்து ஒண்ணு."

"இப்ப இருக்கறது?"

"பூஜ்ஜியமும் பூஜ்ஜியமும்."

"அதுவும் சமச்சீர்?"

"...ஆமா சார்."

"அப்ப ரெண்டும் ஒண்ணுதானேம்மா. ஏற்கெனவே சமச்சீரா இருக்கறதக் கலைச்சி, மறுபடி சமச்சீர் ஆக்கணும். அதுக்கு ஒரு ஆணை, ரெண்டு விடுவிப்பு, ரெண்டு பணியேற்பு. கட்டின வேட்டிய அவுத்து அதே வேட்டிய கட்டறதுக்கு எதுக்கு இத்தனை பாடு?"

"சார், எம் பிள்ளை இங்க இருக்கு."

"பிள்ளை அணியில வருதா?"

"வரல சார்."

"நீயே சொல்லிட்டே."

விண்ணப்பம் 'ஏற்கெனவே நிறைவேறியதாகக் கருதி' முடித்துவைக்கப்பட்டது. அப்பலராஜு போய்விட்டால் ராஜ்மோகன் வேலை செய்ய நேரும் என்ற காரணம் அதில் எங்கும் இல்லை. அது கருத்து, கணக்கு இல்லை.

எழில்மதி சங்கத்துக்குப் போனாள். அலாவுதீன் டீ வாங்கிக் கொடுத்தார். உண்மையாகவே வருத்தப்பட்டார்.

"ஒனக்காக நான் துஆ செய்றேன் தங்கச்சி. போராட்டம்னு மட்டும் கேக்காதே. மாறுதல் நின்னதுலேருந்து காரைக்கால்ல நம்ம ஆளுங்க எல்லாரும் பெருநாள் மாதிரி இருக்கானுங்க. சமச்சீரை வாழ்த்தி பொதுக்குழுவுல தீர்மானமே போட்டுட்டோம்."

"அப்ப நானும் அப்பலராஜுவும்?"

"ரெண்டே பேருதாம்மா. சங்கத்துக்கு மெஜாரிட்டிதான் முக்கியம்." டீ டம்ளரை வைத்துவிட்டு, "மனசு கேக்கல, என்ன பண்றது" என்றார். டீக்குக் காசும் அவரே கொடுத்தார்.

ஆண்டு முடிவில் வாரியத்துக்கு ஒரு விருது கிடைத்தது. இடமாறுதல் குறித்து ஒரு புகார்கூட வராத நிறுவனம் என்பதற்காக. மாறுதலே இல்லாத இடத்தில் மாறுதல் பற்றிய புகார் வராது என்று சிலர் முணுமுணுத்தார்கள். சாதனையைக் கண்டு பொறுக்காதவர்கள் எங்கும் உண்டு. பாராட்டு விழாவைச் சமச்சீர் பிறந்த ஊரிலேயே நடத்துவது என்று மேலாண் இயக்குநர் முடிவு செய்தார். காரைக்காலில் ஒரு கல்யாண மண்டபம் பிடிக்கப்பட்டது. மேடையில் நீலமேகம் ஒரு பக்கம், மேலாண் இயக்குநர் நடுவில். வல்லுநர் எழில்மதி ஏனாமிலிருந்து சிறப்பு ஆணையின் பேரில் வரவழைக்கப்பட்டு ஓரத்தில் உட்காரவைக்கப்பட்டிருந்தாள். முன்வரிசையில் ராஜ்மோகன் குறிப்பு எழுதினார். அப்பலராஜு நாற்காலிகளை இழுத்துப் போட்டுக்கொண்டிருந்தான்.

நீலமேகம் பேசும்போது, தான் ஒரு சாதாரண மனிதன் என்றும், மூலைவிட்டத்தின் ஓரத்தில் இருந்து தொண்டு செய்துவருவதாகவும் சொன்னார். மூலைவிட்டத்தின் மகிமையைச் சொல்லும்போது அவருக்குக் குரல் தழுதழுத்தது. பிறகு எழில்மதிக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். பொன்னாடை அவள் கழுத்தை உறுத்தியது. மேலாண் இயக்குநர் ஒலிபெருக்கியை அவள் பக்கம் நீட்டினார்.

"இங்க வந்திருக்கற பாமர மக்களுக்கும் புரியற மாதிரி சொல்லுங்க. சமச்சீர்னா என்ன? ஒரே வரியில."

எழில்மதி எழுந்து நின்றாள். மீண்டும் ஒரு சரியான கேள்வி. அவளால் அதற்குத் தப்பாகப் பதில் சொல்ல முடிந்ததே இல்லை.

"நீங்க என்னை ஏனாமுக்கு அனுப்பலாம் சார். அதே மாதிரி நானும் ஒங்கள ஏனாமுக்கு அனுப்ப முடியணும். முடிஞ்சா அதுக்குப் பேரு சமச்சீர்."

 மேலாண் இயக்குநர் புன்னகையோடு தலையைச் சாய்த்தார். தலைமைப் பண்பு முகாமில் சொல்லிக்கொடுத்த புன்னகை அது.

"முடியலன்னா?"

"முடியலன்னா அதுக்குப் பேரு வாரியம் சார்."

மேலாண் இயக்குநர் வாய்விட்டுச் சிரித்தார். அவர் சிரித்ததைப் பார்த்து நீலமேகம் சிரித்தார். நீலமேகத்தைப் பார்த்துச் சொர்ணாம்பாள், சொர்ணாம்பாளைப் பார்த்து எழுத்தர்கள் என்று பதவி வரிசைப்படி சிரிப்பு கடைசி வரிசை வரை போயிற்று. "அருமையான நகைச்சுவை உணர்வு" என்று மேலாண் இயக்குநர் பாராட்டினார். ராஜ்மோகன் குறிப்பில் 'வல்லுநர் சிற்றுரை ஆற்றினார் (பலத்த சிரிப்பு)' என்று எழுதிக்கொண்டார்.

மறுநாள் எழில்மதி ஏனாமுக்கு ரயில் ஏறினாள். அப்பலராஜு மண்டபத்து நாற்காலிகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கிவிட்டு ராஜ்மோகனின் மேசை வேலையைப் பார்க்கப் போனான். வாரியம் சொன்னதில் பொய் இல்லை. அவள் ஊரில் அவன் இருக்கிறான், அவன் ஊரில் அவள் இருக்கிறாள். இரண்டு பேரை இதைவிடச் சமச்சீராக யாராலும் கெடுக்க முடியாது.